மெட்டு யார் கொடுத்தது?

1

'என்ஜாய் எஞ்சாமி' பாட்டைப் பற்றித் தமிழில் எழுதப்பட்டவற்றை இரண்டு கட்டாகக் கட்டி வைத்துவிடலாம். ஒரு கட்டில், பாட்டின் வரிகளைக் கவிதையாக எடுத்து வைத்துக்கொண்டு நிலம், வேர், மூதாதையர் என்று பொருள் சொன்ன கட்டுரைகள். மறு கட்டில், பாட்டு யாருக்குச் சொந்தம் என்ற சண்டையில் ஏதாவது ஒரு பக்கம் போய் நின்றுகொண்டு எழுதப்பட்டவை. இரண்டு கட்டையும் பிரித்துப் படித்துப் பார்த்தேன். பாட்டைக் காதால் கேட்டதற்கான தடயம் இரண்டிலும் அபூர்வம். இதைத் தற்செயலான குறை என்று என்னால் தள்ளிவிட முடியவில்லை. அந்தச் சண்டை அப்படி அசிங்கப்பட்டுப் போனதற்கு, காதை அடைத்துக்கொண்டு பாட்டைப் படிக்கும் நம் பழக்கமும் ஒரு காரணம் என்று சொல்வதற்காகவே இதை எழுதுகிறேன்.

விவகாரம் தெரிந்ததுதான். என்றாலும் வரிசைப்படுத்திக்கொள்வது நல்லது. பாட்டு வெளியானது 2021 மார்ச்சில். பாடியவர்கள் தீ, அறிவு. எழுதியவர் அறிவு. இசை சந்தோஷ் நாராயணன். வெளியிட்டது மாஜா என்ற நிறுவனம். அதே ஆண்டு ஆகஸ்டில் ரோலிங் ஸ்டோன் இந்தியா பத்திரிகை தன் அட்டையில் தீயையும் கனடாத் தமிழரான ஷான் வின்சென்ட் டி பாலையும் போட்டது, அறிவைப் போடவில்லை. பா. ரஞ்சித் பகிரங்கமாகக் கேள்வி கேட்டார். பிறகு அறிவின் படத்துடன் இன்னொரு அட்டை இணையத்தில் வந்தது. 2022 ஜூலை 28 அன்று சென்னையில் 44வது செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழா மேடையில் தீயும் கிடாக்குழி மாரியம்மாளும் இந்தப் பாட்டைப் பாடினார்கள். அறிவு அங்கே இல்லை. சில நாட்களில் அறிவு எழுதினார்: இயற்றியதும் எழுதியதும் பாடியதும் நான், ஒரு மெட்டையோ ஒரு சொல்லையோ எவரும் எனக்குத் தரவில்லை. சந்தோஷ் நாராயணன் பதில் எழுதினார்: இசையமைத்ததும் ஒருங்கிணைத்ததும் ப்ரோகிராம் செய்ததும் நான், உலகம் இதைத்தான் மியூசிக் ப்ரொட்யூசர் வேலை என்கிறது, தன் பகுதிகள் பலவற்றுக்குத் தீயே மெட்டமைத்தார், வருமானமும் உரிமையும் மூவருக்கும் சமம். 2024 மார்ச்சில் அவரே, அந்தப் பாட்டிலிருந்து தங்களுக்கு ஒரு பைசாக்கூட வரவில்லை என்று சொன்னார். ஆக, எதற்காகச் சண்டை போட்டார்களோ அந்தச் சொத்தின் வருமானம் மூவர் கையிலும் இல்லை என்பது அவர் வாக்குமூலம்.

இதில் யார் சொல்வது நிஜம் என்று தீர்ப்புச் சொல்லும் உத்தேசம் எனக்கு இல்லை. அந்த அறையில் நான் இல்லை. நான் கவனிக்க வேண்டுகிற விஷயம் வேறு. இரு தரப்பும், அவர்கள் பின்னால் அணி திரண்ட நம் எழுத்தாளர்களும், ஒரே ஒரு கேள்விக்குத்தான் பதில் தேடினார்கள்: மெட்டு யார் கொடுத்தது? இந்தக் கேள்வியே பழைய வீட்டின் சாவி. புதிய வீட்டுக் கதவில் அதைப் போட்டுத் திருகினால் பூட்டுத்தான் கெடும். பூட்டு ஊர்க்காரன் சொல்கிறேன்.

2

பழைய வீடு கோடம்பாக்கம். அங்கே ஒரு வரிசை உண்டு. ஆர்மோனியத்தில் மெட்டு பிறக்கும். மெட்டுக்குப் பாட்டு எழுதப்படும். வாத்தியங்களுக்கு நொட்டேஷன் போகும். கடைசியில் பாடகர் வருவார், சொல்லிக்கொடுத்ததைப் பாடுவார். பாடகர் மகா மேதையாக இருக்கலாம், இருந்தும் இருக்கிறார்கள். ஆனால் அவர் வந்து சேர்வது, தீர்மானிக்கப்பட வேண்டியதெல்லாம் தீர்மானமான பிறகு. இந்த ஏற்பாட்டின் சிகரம் பக்கத்துத் தேனி மாவட்டத்துப் பண்ணைப்புரத்திலிருந்து போன இளையராஜா. ஒவ்வொரு வாத்தியத்துக்கும் ஸ்வரம் எழுதிக் கையில் கொடுத்துவிட்ட மனிதரைப் பற்றி 'மெட்டு யார் கொடுத்தது' என்று கேட்டால், கேள்விக்கும் அர்த்தம் உண்டு, பதிலுக்கும் அர்த்தம் உண்டு.

சட்டமும் இந்த வரிசையை நம்பித்தான் எழுதப்பட்டது. 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் தொடக்கத்தில், எழுத்தில் அல்லது குறியீட்டில் பதிந்த இசையையே இசைப் படைப்பு என்று ஏற்றுக்கொண்டது. ஒப்பாரியும் தாலாட்டும் கும்மியும் வழங்கும் ஒரு நாட்டில், தாளில் ஏறாதது இசையாகாது என்று ஒரு சட்டம்! 1977இல், இசைக்கான உரிமைச் சங்கத்துக்கும் கிழக்கிந்தியப் படத் தயாரிப்பாளர் சங்கத்துக்கும் நடந்த வழக்கில் உச்ச நீதிமன்றம் படத் தயாரிப்பாளர் பக்கம் தீர்ப்புச் சொன்னபோது, நீதிபதி கிருஷ்ணய்யர் தனியாக ஒரு குறிப்பு எழுதிச் சேர்த்தார். இந்த மண்ணின் சங்கீதத்தில் பாடுகிறவரின் குரலில்தான் உயிர் இருக்கிறது, சட்டமோ அவரைக் கண்டுகொள்ளவில்லை என்பது அவர் ஆதங்கத்தின் சாரம். நம் இலக்கிய விமர்சகர்கள் செய்திருக்க வேண்டிய வேலையை ஒரு நீதிபதி போகிறபோக்கில் செய்துவிட்டுப் போனார். 1994இல்தான் எழுத்தில் இருக்க வேண்டும் என்ற நிபந்தனை போயிற்று. நிகழ்த்துகிறவர் உரிமை என்று ஒன்று சட்டத்தில் வந்ததும் அப்போதுதான். 2012 திருத்தம் ராயல்டியைச் சற்றுப் பலப்படுத்தியது. ஆனால் இன்றுவரை இயற்றியவர் ஒரு பெட்டியில், எழுதியவர் ஒரு பெட்டியில், பாடியவர் மூன்றாம் பெட்டியில். பாடிக்கொண்டே இயற்றுகிறவருக்கு எந்தப் பெட்டி?

3

புதிய வீட்டில் நடப்பது என்ன? கம்ப்யூட்டரில் நாலு மாத்திரையோ எட்டு மாத்திரையோ சுற்றிச் சுற்றி வரும் ஒரு தாளம் ஓடிக்கொண்டிருக்கிறது. மேலே ஒன்றிரண்டு சுருதிக் கோர்வைகள். மைக்கின் முன்னால் ஒருவர் நிற்கிறார். அவருக்கு யாரும் மெட்டுச் சொல்லிக்கொடுக்கவில்லை. பல சமயம் பாட்டின் வரிகளும் முடிவாகவில்லை. முணுமுணுக்கிறார், பேசுகிறார், இழுக்கிறார், ஓரிடத்தில் தாளத்துக்குச் சற்றுப் பின்தங்கி விழுகிறார். கன்ஸோலில் இருப்பவர் அந்தப் பின்தங்கலைப் பிடித்துக்கொள்கிறார். அதை வெட்டி இன்னோர் இடத்தில் ஒட்டுகிறார். ஒட்டியதைக் கேட்டுப் பாடகர் வேறு மாதிரிப் பாடுகிறார். பத்துத் தடவை, முப்பது தடவை. 1989இல் வீட்டிலேயே ஸ்டூடியோ அமைத்த ரகுமான் இந்த முறையைத் தமிழ்ப் படத்துக்குள் கொண்டுவந்தார். ராத்திரி வேளையில் பாடகரை விதவிதமாகப் பாடச் சொல்லிப் பதிந்து, அதிலிருந்து தேர்ந்து கோத்துப் பாட்டாக்குவார் என்பதை அவரிடம் பாடிய பலரும் சொல்லிவிட்டார்கள். வாத்தியக்காரர்கள் பெயரையும் பொறியாளர்கள் பெயரையும் கேசட் உறையில் அச்சிடும் பழக்கத்தையும் அவர் பரவலாக்கினார். பெயர் வந்தது. ஸ்தானம் வரவில்லை.

இந்த முறையில் பிறந்த பாட்டில் மெட்டு எங்கே முடிகிறது, பாடுதல் எங்கே தொடங்குகிறது? அறிவின் வகைப் பாட்டில் இது இன்னும் சிக்கல். பேச்சுக்கும் பாட்டுக்கும் இடையில் ஓடும் அந்தக் குரலின் இசை, எந்த அசையில் அழுத்துகிறார், எங்கே மூச்சை முறிக்கிறார் என்பதில் இருக்கிறது. அதை ஆர்மோனியத்தில் வாசித்துக் காட்ட முடியாது. ஒப்பாரியோ இன்னும் ஒரு படி அப்பால். ஒப்பாரிக்கு மெட்டுக் கொடுத்தவர் யாரும் இல்லை. ஆனால் ஒவ்வொரு சாவிலும் ஒப்பாரி சொல்கிறவள், செத்தவனின் பெயரையும் உறவையும் ஊரையும் உள்ளே வைத்துப் புதிதாக ஒன்றை அந்த நிமிஷத்தில் கட்டுகிறாள். மரபு என்ற சொல்லைப் போட்டு அவளை அழித்துவிடுவது சுலபம்.

இது நட்சத்திரங்களின் தகராறு மட்டும் இல்லை என்பதற்கு எங்கள் ஊரில் நான் பார்த்ததைச் சொல்கிறேன். வடமதுரைப் பக்கத்துக் கிராமம் ஒன்றில் முளைப்பாரிக்குக் கும்மிப் பாட்டு எடுத்துக்கொடுக்கும் அம்மாள், வயது அறுபதுக்கு மேல். அவருடைய பாட்டைப் பதிந்து அம்மன் பாட்டாக வெளியிட ஊர்க்காரர்கள் திண்டுக்கல்லில் ஒரு மாடி அறை ஸ்டூடியோவுக்கு அழைத்து வந்தார்கள். நானும் கூடப் போயிருந்தேன். லாப்டாப் வைத்திருந்த பையன், காதில் ஹெட்ஃபோனை மாட்டிவிட்டு, "ஆத்தா, டொக்கு டொக்குன்னு கேக்குதுல்ல, அது மேலயே பாடுங்க" என்றான். முதல் மூன்று அடி சரியாக வந்தது. நாலாம் அடியில் அவர் நீட்டினார். பையன் நிறுத்தினான். மறுபடியும் நீட்டினார். மறுபடியும் நிறுத்தினான். தாளம் நிற்கவில்லை என்று என்னிடம் தணிந்த குரலில் சொன்னான். அந்த அம்மாளுக்குக் கேட்டுவிட்டது. "கும்மியில ஆளு சேரச் சேரத்தானப்பா பாட்டு நீளும். இங்க யாரு சுத்துறா, நான் சுருக்கிப் பாட?" என்றார்.

ஒரு முழு இசைக் கோட்பாடு இந்தப் பதிலில் இருக்கிறது. நாலாம் அடியின் நீளத்தைத் தீர்மானிப்பது வட்டத்தின் அகலம். வட்டம் ஒரு சுற்று முடிந்து கை தட்டும் இடத்தில் அடி முடியும். அவர் பாடிக்கொண்டிருந்தது மெட்டு இல்லை, ஒரு கூட்டத்தின் நடை. பையன் கடைசியில் நீண்ட அடிகளை வெட்டிச் சமப்படுத்தினான். பதிவு வெளியானபோது இசையமைப்பாளர் என்று அவன் பெயர் இருந்தது. குரல் என்ற இடத்தில் 'குழுவினர்' என்று இருந்தது. பையன் மேல் எனக்குக் கோபம் இல்லை. அவனுக்குக் கிடைத்த கூலிக்கு அவ்வளவு நேரம்தான் கொடுக்க முடியும். கம்ப்யூட்டரின் தாளத்தைப் பாடுகிறவரின் நடைக்கு ஏற்ப வளைத்துக்கொள்ளவும் அதே லாப்டாப்பில் வழி உண்டு. அதற்கு ஒரு நாள் பிடிக்கும். அந்த ஒரு நாளுக்கு எவரும் காசு தருவதில்லை. குரல் கச்சாப்பொருள், கம்ப்யூட்டர் ஆலை என்று எல்லோரும் ஒப்புக்கொண்ட பிறகு, கச்சாப்பொருளின் நடைக்கு ஆலையை யார் நிறுத்துவார்கள்?

4

இது தொழில்நுட்பத்தின் விதி, என்ன செய்வது என்று கையை விரிக்கிறவர்கள் உண்டு. விதி என்று ஒன்றும் இல்லை. கிருஷ்ணய்யர் தன் குறிப்பை எழுதிய அதே 1977இல், ஜெர்மனியின் மியூனிக் நகரத்தில் டோனா சம்மர் என்ற அமெரிக்கக் கறுப்பினப் பாடகி, ஜியார்ஜியோ மொரோடர், பீட் பெலாட் இருவருடனும் 'ஐ ஃபீல் லவ்' என்ற பாட்டைப் பதிந்தார். அநேகமாக முழுவதும் மூக் ஸிந்தஸைஸரால் கட்டப்பட்ட பாட்டு. பிற்காலத்து நடன இசையின் பெரும்பகுதி இதிலிருந்து கிளைத்தது. யந்திரத்தின் பாட்டு என்றே பேர் பெற்ற அந்தப் பாட்டை இயற்றியவர்கள் மூவர் என்று பதிவாகியிருக்கிறது. மூவரில் ஒருவர் பாடகி. அங்கே அவர்களால் முடிந்தது.

அங்கேயும் எப்போதும் முடிந்ததா? இல்லை. ஈழத் தமிழ்ப் பெற்றோருக்கு லண்டனில் பிறந்த மாதங்கி அருள்பிரகாசம், எம்.ஐ.ஏ. என்ற பெயரில் 2005இல் 'அருளர்' வெளியிட்டபோது, அந்த ஒலி முழுவதும் டிப்ளோ என்ற ஆணின் கைவண்ணம் என்று பத்திரிகைகள் எழுதின. 2007இல் அவர் வெகுண்டு மறுத்தார். ஐஸ்லாந்தின் பியோர்க், தன் தாளக் கட்டுமானத்தைத் தானே வருஷக்கணக்காகச் செய்தும், பெருமை உடன் உழைத்த ஆண்களுக்கே போய்ச் சேர்ந்தது என்று சொன்னார், எம்.ஐ.ஏ.வுக்கு நேர்ந்ததையும் எடுத்துக்காட்டினார். பாடுகிறவள் பெண், பொத்தானை அழுத்துகிறவன் ஆண் என்றால் மூளை பொத்தான் பக்கம்தான் இருக்கும் என்பது உலகப் பொது மூடநம்பிக்கை. இதே எம்.ஐ.ஏ. தன் அடுத்த ஆல்பமான 'கலா'வுக்காகச் சென்னைக்கு வந்து உறுமி மேளக்காரர்களைப் பதிந்துகொண்டு போனார். அந்த உறுமிக்காரர்களில் ஒருவர் பெயரையாவது சொல்லக்கூடிய ரசிகரை நான் இன்னும் சந்திக்கவில்லை. படிக்கட்டில் ஒவ்வொருவருக்கும் கீழே இன்னொருவர் நிற்கிறார்.

5

நம் படிக்கட்டுக்கு ஒரு பெயர் உண்டு. அதைச் சொல்லாமல் இந்தப் பேச்சு பம்மாத்து.

உழைப்பு ஒருவனுடையது, உருவம் கொடுத்தது இன்னொருவன் என்ற பிரிவினை ஸ்டூடியோவில் பிறந்ததில்லை. திண்டுக்கல்லில் தோல் பதனிடும் ஷாப்புகள் உண்டு. சுற்று வட்டாரத்தில் பறை அடிக்கும் சேரிகள் உண்டு. தோலை உரித்தவனும் கட்டியவனும் காய்ச்சி அடித்தவனும் ஒருவனே. ஆனால் அவன் அடித்ததற்கு ஊர் வைத்த பெயர் சங்கீதம் இல்லை, ஊழியம். அதே திண்டுக்கல்லில் சகோதரி சந்திரா நிறுவிய சக்தி கலைக்குழுவில் தலித் பெண்கள் அந்தப் பறையைத் தங்கள் கையில் எடுத்து, ஆட்டமும் அடியும் தாங்களே அமைத்து மேடையேறினார்கள். அமெரிக்காவிலிருந்து ஒரு இசை ஆய்வாளர், ஸோயி ஷெரினியன், வந்து அவர்களைப் பற்றி 'சக்தி வைப்ரேஷன்ஸ்' என்று படம் எடுத்தார். நம் பத்திரிகைகளில் அவர்களுடைய அடவைப் பற்றி, தாளக் கட்டைப் பற்றி ஒரு உருப்படியான கட்டுரை நான் பார்த்ததில்லை. எழுச்சி, விடுதலை என்று வந்த பாராட்டுரைகளைச் சொல்லவில்லை. பாராட்டுவது எளிது. கேட்பது கஷ்டம்.

அறிவின் பாட்டி வள்ளியம்மாள் இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்தவர் என்பதைப் பாட்டு வந்த நாளிலிருந்து எல்லோரும் எழுதினார்கள். 1964 சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தத்தில் இந்தியாவுக்கு என்று எண்ணி ஒதுக்கப்பட்ட 5,25,000 பேரில் சிலர் இன்றைய எங்கள் மாவட்டத்துக் கொடைக்கானல் மலையிலும் வந்து ஒதுங்கினார்கள். தோட்டத்தை உருவாக்கியவர்கள் கூலிகள். தோட்டத்துக்குப் பெயர் துரையுடையது. இந்தக் கதையைப் பாடுகிற பாட்டிலேயே, பாடியவரின் ஸ்தானம் தகராறாகிறது என்றால், அதைத் தனி மனிதர்களின் பெருந்தன்மைக் குறைவு என்று மட்டும் எப்படி முடித்துக்கொள்வது? சாதி இங்கே வெளியிலிருந்து வந்து கலையைக் கெடுக்கவில்லை. கலையில் எது சிருஷ்டி, எது வெறும் உடலுழைப்பு என்று நாம் வகுத்துவைத்திருக்கும் வகுப்பிலேயே அது உட்கார்ந்திருக்கிறது.

சந்தோஷ் நாராயணனின் வேலையை நான் குறைத்துச் சொல்வதாக யாரும் கிளம்ப வேண்டாம். அந்தப் பாட்டில் தீயின் தணிந்த, இழுவையான குரலையும் அறிவின் முறுக்கேறிய குரலையும் ஒரே தாளத்தில் நிறுத்திய விதம் லேசுப்பட்ட காரியம் இல்லை. ஒலியைத் தேர்வதும் விலக்குவதும் மௌனத்தை எங்கே வைப்பது என்று முடிவு செய்வதும் சிருஷ்டிதான். தமிழில் இந்த வேலைக்குச் சரியான சொல்கூட இல்லை. தயாரிப்பாளர் என்றால் நமக்குப் பணம் போடுகிறவர், ப்ரோகிராமர் என்றால் கூலிக்கு வந்த பையன். இசையமைப்பாளர் என்ற பழைய சிம்மாசனத்தில் ஏறி உட்கார்ந்தால் தவிர இவருக்கும் இடம் இல்லை. ஏறினால் பாடுகிறவர் கீழே இறங்க வேண்டும். அந்தச் சிம்மாசனம்தான் எனக்கு ஆட்சேபம்.

வேறு மாதிரி முடியும் என்பதற்கு வெளிநாடு போக வேண்டாம். 2019இல் இதே அறிவு, ஆஃப்ரோ என்ற இசைக்காரருடன் சேர்ந்து 'தெருக்குரல்' வெளியிட்டார். இரண்டு பெயரும் சமமாக முன்னால் நிற்கும் ஆல்பம். அங்கே யார் மெட்டுக் கொடுத்தார் என்று எவரும் கேட்கவில்லை. கேள்விக்கு அவசியம் இல்லாதபடி ஏற்பாடு இருந்தது.

6

இப்போது நம் சங்கதிக்கு வருகிறேன். சிறுபத்திரிகைக்காரர்களான நாம் பாட்டை எப்படி அணுகினோம்? முதலில் அது ஜனரஞ்சகம் என்று தீண்டாமல் இருந்தோம். பிறகு, பாட்டின் வரிகளை அச்சில் படித்து, கவிதை தேறுமா தேறாதா என்று மார்க் போட்டோம். 'என்ஜாய் எஞ்சாமி' தேறியது. உடனே அறிவைக் கவிஞர் என்றோம். பெருமைப்படுத்திவிட்டதாக நினைப்பு. உண்மையில் அவருடைய சிருஷ்டியில் பாதியைப் பிடுங்கிக்கொண்டோம். வரிகள் அறிவினுடையவை என்று நாம் அழுத்திச் சொல்லச் சொல்ல, மீதியெல்லாம் வேறொருவருடையது என்று தானாகவே ஆயிற்று. ஏட்டில் எழுத முடிந்தது ஒன்றே படைப்பு என்ற 1957இன் சட்டத்தை 1994இல் பாராளுமன்றம் கைவிட்டது. நாம் இன்னும் கைவிடவில்லை.

இதற்கு விலை என்ன என்பது 2024இல் தெரிந்தது. 'லால் சலாம்' படத்தின் ஒரு பாட்டில், 1997இல் இறந்த சாகுல் ஹமீதும் 2022இல் இறந்த பம்பா பாக்யாவும் பாடினார்கள். கம்ப்யூட்டர் அவர்கள் குரலைக் கற்றுக்கொண்டு பாடியது. குடும்பத்தாரிடம் அனுமதி பெற்றதாகவும் சன்மானம் கொடுத்ததாகவும் ரகுமான் சொன்னார். அதே ஆண்டு, ஜனவரியில் மறைந்த பவதாரிணியின் குரலும் அவர் தம்பி யுவன் இசையமைத்த 'கோட்' படப் பாட்டில் அதே வழியில் வந்தது. அன்பினால் செய்தார்கள், மரியாதையோடு செய்தார்கள் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் இது எப்படிப்பட்ட கூட்டு? செத்தவரின் குரல், "இந்த அடியை நான் இப்படிப் பாட மாட்டேன்" என்று சொல்லாது. நாலாம் அடியை நீட்டாது. வட்டத்தில் எத்தனை பேர் என்று கேட்காது. குரல் என்பது ஒரு நிறம், ஒரு பதம், எடுத்துப் பூசிக்கொள்ளும் பொருள் என்று நாம் ஒப்புக்கொண்டிருந்தால் இதில் ஆட்சேபிக்க ஒன்றுமில்லை. ஆட்சேபிக்கத் தோன்றுகிறவர்கள், உயிரோடு இருக்கும் பாடகரை அதே கண்ணோடு இவ்வளவு நாள் பார்த்ததைப் பற்றி யோசிக்க வேண்டும்.

நான் கேட்பது பெரிய புரட்சி ஒன்றும் இல்லை. ஒருவர் பங்கை இன்னொருவர் பங்கிலிருந்து பிரிக்க முடியாதபோது அது கூட்டுப் படைப்பு என்று சொல்லும் பிரிவு நம் பதிப்புரிமைச் சட்டத்திலேயே இருக்கிறது. மைக்கைத் திறப்பதற்கு முன்னால் அதை ஒரு தாளில் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். நட்பு முறிந்த பிறகு எழுதுவது வாக்குமூலம்தான். திண்டுக்கல் மாடி அறைக்கும் இது பொருந்தும். 'குழுவினர்' என்ற சொல்லை அடித்துவிட்டு அந்த அம்மாளின் பெயரைப் போட வேண்டும், இசை என்ற இடத்தில், பையன் பெயருக்குப் பக்கத்தில். நம் பங்குக்கு நாம் செய்ய வேண்டியது, அடுத்த தடவை ஒரு பாட்டைப் பற்றி எழுத உட்காரும்போது வரிகளைத் தாளில் இறக்கி வைத்துக்கொள்ளாமல் எழுதிப் பார்ப்பது. குரல் எங்கே தாளத்தை விட்டு விலகியது, யந்திரம் அதற்கு என்ன பதில் சொன்னது என்று எழுத வராதவர்கள், பாட்டு யாருடையது என்று தீர்ப்புச் சொல்வதையாவது நிறுத்திக்கொள்ளலாம்.